ஆறு நாளில் ஐந்து ஆட்டம்

சென்ற பொங்கல் விழாவில் பந்தி முடிந்து வெற்றிலைத் தட்டைச் சுற்றி நாங்கள் நாலைந்து பேர் உட்கார்ந்திருந்தபோது, நம் சங்க அன்பர் ஒருவர் என்னிடம் ஒரு கேள்வி கேட்டார். அவருடைய மகன் இங்கே கல்லூரியில் இரண்டாம் வருஷம் படிக்கிறான். கல்லூரி ஃபுட்பால் டீமில் அவனுக்கு இடம் கிடைத்திருக்கிறது. அவனுக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். அப்பாவுக்கு வயிற்றில் புளி.

"சார், நீங்க பேரனைப் பார்க்க அமெரிக்கா போயிட்டு வந்தவர். அங்கே காலேஜ் டீம்ல ஆடினா ஃபீஸே கிடையாதாம், கையில காசும் குடுக்கறாங்களாம். இங்கே அட்டெண்டன்ஸ் குறைஞ்சா பரீட்சைக்கே விடமாட்டேங்கறாங்க. அங்கே மட்டும் ஏன் அப்படி?" என்றார்.

அன்று ஏதோ சொல்லி மழுப்பிவிட்டேன். வீட்டுக்கு வந்து யோசித்தபோது, இந்தக் கேள்விக்குச் சரியான பதில் ஒரு சிறிய மலைக் கல்லூரியின் கதையில் இருக்கிறது என்று தோன்றியது. அந்தக் கல்லூரியை நான் நேரில் பார்த்திருக்கிறேன். அதைப் பற்றிப் படித்ததும் உண்டு. ஆகவே நம் மலரின் பக்கங்களில் கொஞ்சம் இடம் கேட்டு வாங்கியிருக்கிறேன்.

கல்லூரியின் பெயர் 'தெற்குப் பல்கலைக்கழகம்'. ஆனால் எல்லோரும் அது இருக்கும் ஊரின் பெயரால் சுவானி என்றே அழைக்கிறார்கள். டென்னஸி மாநிலத்தில் நாஷ்வில் நகரத்துக்கும் சட்டனூகாவுக்கும் இடையே கம்பர்லாண்ட் பீடபூமியின் மேல் இருக்கிறது. எபிஸ்கோபல் திருச்சபையார் 1857-ல் ஆரம்பித்தார்கள். 1860-ல் அடிக்கல் நாட்டினார்கள். உள்நாட்டுப் போரில் அந்தக் கல்லையே வெடிவைத்துத் தகர்த்துவிட்டார்கள். மறுபடி 1868-ல் ஒன்பது மாணவர்களோடு திறந்தார்கள். பதின்மூன்றாயிரம் ஏக்கர் காடு, நடுவில் கல் கட்டடங்கள், மணிக்கூண்டு. நன்றாகப் படிக்கும் மாணவர்கள் கறுப்பு கவுன் போட்டுக்கொண்டு வகுப்புக்குப் போகும் வழக்கம் இன்றும் உண்டு. நம் ஹைகோர்ட் வக்கீல்கள் போல கவுன் பறக்க ஒரு பெண் சைக்கிளில் போனதை நானே பார்த்தேன்.

இந்த ஊர்க் கல்லூரி 1899-ஆம் வருஷம் தன் ஃபுட்பால் பருவத்தில் பன்னிரண்டு ஆட்டங்கள் ஆடியது. பன்னிரண்டிலும் ஜெயித்தது. எடுத்த புள்ளிகள் 322, கொடுத்தவை 10. அதிலும் நவம்பர் மாதத்தில் ஆறே நாட்களில் ஐந்து ஊர்களில் ஐந்து பெரிய கல்லூரிகளோடு மோதி, ஐந்து பேரையும் ஒரு புள்ளிகூட எடுக்க விடாமல் தோற்கடித்தது. அந்தப் பயணத்தின் மொத்த தூரம் சுமார் 2,500 மைல், அதாவது நாலாயிரம் கிலோமீட்டர். ஹவுராவிலிருந்து சென்னை போய்த் திரும்பினால் கிட்டத்தட்ட 3,300 கிலோமீட்டர்தான்.

ரயில்வே கண்ட்ரோல் ஆபீஸில் முப்பது வருஷத்துக்கு மேல் உட்கார்ந்து வண்டிகளின் நேரத்தோடு மல்லுக்கட்டியவன் நான். பேரன் இந்தக் கதையைச் சொன்னபோது எனக்கு முதலில் தோன்றியது பந்தைப் பற்றிய சந்தேகம் அல்ல. "எந்த வண்டியில் போனார்கள், எங்கே கழற்றி எதில் மாட்டினார்கள்?" என்றுதான் கேட்டேன். அவன் சிரித்தான்.

மேலே போவதற்கு முன் ஒன்றைத் தெளிவாக்கிவிட வேண்டும். கொல்கத்தாவில் இருந்துகொண்டு ஃபுட்பால் என்று சொன்னால் மோகன் பகானும் ஈஸ்ட் பெங்காலும்தான் கண்முன் வரும். இது அந்த ஃபுட்பால் இல்லை. பந்து நீள்வட்டமாக, உரிக்காத தேங்காய் போல இருக்கும். அதைக் கையில் இடுக்கிக்கொண்டு ஓடுவார்கள். எதிராளி ஓடி வந்து ஆளையே பிடித்துக் கீழே தள்ளலாம். எனக்கு இது நம் சடுகுடுவுக்குத்தான் நெருங்கிய உறவாகப் பட்டது. கோட்டைத் தாண்டிப் போக வேண்டும், பிடிக்க வருகிறவர்களை உதற வேண்டும், பிடிபட்டால் அந்த முயற்சி முடிந்தது. பக்கத்துக்குப் பதினோரு பேர். எதிரியின் எல்லைக் கோட்டுக்கு அப்பால் பந்தைக் கொண்டு சேர்த்தால் அது டச்டவுன்.

இன்றைக்கு டச்டவுனுக்கு ஆறு புள்ளி. 1899-ல் ஐந்துதான். அதைத் தொடர்ந்து கம்பத்துக்கு மேல் உதைத்துவிட்டால் இன்னும் ஒன்று. இன்று நாலு முயற்சியில் பத்து கெஜம் முன்னேற வேண்டும். அன்று மூன்று முயற்சியில் ஐந்து கெஜம். பந்தை முன்னால் தூக்கி எறியும் பாஸ் அன்று கிடையாது. அது 1906-ல்தான் அனுமதிக்கப்பட்டது. ஆகவே அன்றைய ஆட்டம் என்பது பெரும்பாலும் முட்டி மோதித் தள்ளுவது. பந்து வைத்திருப்பவனைப் பின்னாலிருந்து அவன் கூட்டாளிகள் தள்ளுவார்கள், முன்னாலிருந்து எதிரிகள் தள்ளுவார்கள். ஹெல்மெட் கல்லூரி ஆட்டத்தில் கட்டாயமானது 1939-ல். அதற்கு நாற்பது வருஷம் முன்னால் தலைமயிரை நீளமாக வளர்த்துக்கொள்வதுதான் பலருக்குத் தலைக்கவசம்.

இன்னொரு விதியும் இருந்தது. இந்தக் கதைக்கு அதுதான் முக்கியம். முப்பத்தைந்து முப்பத்தைந்து நிமிஷமாக இரண்டு பாதி ஆட்டம். ஒருவன் வெளியே போனால் அந்த ஆட்டத்தில் திரும்பி வர முடியாது. ஆகவே இறங்கிய பதினோரு பேரே தாக்கவும் வேண்டும், தடுக்கவும் வேண்டும். முடிந்தவரை கடைசி நிமிஷம்வரை நிற்கவும் வேண்டும். பெஞ்சில் அறுபது பேர் உட்கார்ந்திருந்தாலும் பெரிய பிரயோஜனம் இல்லை. பதினோரு முரட்டுப் பையன்கள் கிடைத்தால் சின்னக் கல்லூரியும் பெரிய கல்லூரியோடு சரிக்குச் சரி நிற்கலாம்.

சுவானிக்கு அந்தப் பையன்கள் கிடைத்தார்கள். தற்செயல் என்று மட்டும் சொல்ல முடியாது. அந்தக் கல்லூரியின் கல்வியாண்டே அப்போது விசித்திரமானது. மலையில் குளிர்காலம் கடுமை என்பதால் நீண்ட விடுமுறையைக் குளிர்காலத்தில் வைத்துக்கொண்டு, கோடை முழுவதும் வகுப்பு நடத்தினார்கள். மற்றக் கல்லூரிப் பையன்கள் லீவில் வீட்டில் இருந்தபோது சுவானிப் பையன்கள் மலைமேல் ஒன்றாக இருந்தார்கள். அக்டோபரில் பருவம் தொடங்கும்போது இவர்கள் மாதக்கணக்கில் சேர்ந்து பழகியவர்கள். தவிர, அன்று சுவானியில் சட்டமும் மருத்துவமும் சொல்லிக்கொடுத்தார்கள். அந்த வகுப்பு மாணவர்களும் டீமில் ஆடலாம். மீசை முளைத்துக்கொண்டிருக்கும் பதினெட்டு வயதுப் பையனுக்கு எதிரே இருபத்துமூன்று வயது ஆளை நிறுத்தினால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. கோச் பில்லி சூட்டர் பிரின்ஸ்டனிலிருந்து வந்தவர். அந்த நாளில் இந்த ஆட்டத்தின் நுணுக்கமெல்லாம் வடகிழக்குக் கல்லூரிகளின் கையில்தான் இருந்தது.

இத்தனையும் இருந்தாலும் அந்த நீண்ட பயணம் நடந்ததற்குக் காரணம் வீரம் அல்ல, பணம்.

சுவானியின் பரம வைரி நாஷ்வில்லில் இருக்கும் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகம். வருஷா வருஷம் நடக்கும் அந்த ஆட்டத்தின் டிக்கெட் வசூல்தான் சுவானியின் ஃபுட்பால் செலவுக்குப் பெரிய ஆதாரம். வசூலைப் பங்கு போடுவதில் தகராறு வந்து 1899-ல் அந்த ஆட்டமே நின்றுபோனது. கையில் ஜெயிக்கக்கூடிய டீம் இருக்கிறது, கஜானாவில் காசில்லை. அப்போது டீமின் மேனேஜர் லூக் லீ என்ற இருபது வயது மாணவர். வயதில் சின்னவரானாலும் பேரத்தில் பெரியவர். தெற்கிலும் மேற்கிலும் இருந்த கல்லூரிகளுக்கெல்லாம் எழுதி, ஒவ்வொரு ஊரிலும் வசூலில் பங்கு என்று பேசி, ஒரே பயணத்தில் ஐந்து ஆட்டத்தைக் கோத்துவிட்டார். நடுவில் நாள் தள்ளினால் ஓட்டல் செலவு ஏறும்; வகுப்பும் போகும். அதனால் பகலில் ஆட்டம், ராத்திரி ரயில்.

லூக் லீயைப் பற்றி ஒரு வார்த்தை. இவர் பிற்காலத்தில் பத்திரிகை ஆரம்பித்தார். 1911 முதல் 1917 வரை அமெரிக்க செனட்டில் உறுப்பினராக இருந்தார். முதல் உலகப் போர் முடிந்ததும், 1919 ஜனவரியில், ஹாலந்தில் அடைக்கலம் புகுந்திருந்த ஜெர்மானியச் சக்கரவர்த்தி கெய்சரைப் பிடித்துக்கொண்டு வந்துவிடலாம் என்று சில சிப்பாய்களோடு கிளம்பிப் போய் வெறுங்கையோடு திரும்பினார். பின்னால் ஒரு வங்கி விவகாரத்தில் ஜெயிலுக்கும் போனார். ஆறு நாளில் ஐந்து ஆட்டம் என்று ஏற்பாடு செய்யக்கூடியவர் இப்படிப்பட்ட ஆளாகத்தான் இருக்க முடியும்.

பயணத்துக்கு முன்பே நாலு ஆட்டம் முடிந்திருந்தது. ஜார்ஜியாவை 12-0, ஜார்ஜியா டெக்கை 32-0, டென்னஸியை 46-0, சவுத்வெஸ்டர்ன் பிரஸ்பிடீரியனை 54-0. பிறகு நவம்பர் 7-ஆம் தேதி செவ்வாய்க்கிழமை இருபத்தோரு ஆட்டக்காரர்களோடு சுவானி ஸ்டேஷனிலிருந்து கிளம்பினார்கள். மலைமேல் இருந்த நிலக்கரியை இறக்குவதற்காகப் போட்ட ரயில் பாதை அது. ஏற்றம் அவ்வளவு செங்குத்து என்பதால் அந்த ரயிலுக்கே 'மலை ஆடு' என்று பெயர். நம் நீலகிரி ரயில் போலப் பற்சக்கரம் எல்லாம் இல்லை. வெறும் தண்டவாளத்தைப் பற்றிக்கொண்டே ஏறும், இறங்கும். நீலகிரி ரயில் மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர்வரை ஓட ஆரம்பித்ததும் அதே 1899-ல்தான். இது கதைக்குச் சம்பந்தமில்லை, ரயில்காரன் புத்தி.

வண்டி கிளம்பியபின் பார்த்தால் ஆட்டக்காரர்களின் ஷூக்கள் எல்லாம் ஸ்டேஷனிலேயே விட்டுப்போயிருந்தன என்றும், தந்தி கொடுத்து அடுத்த வண்டியில் வரவழைத்தார்கள் என்றும் ஒரு கதை உண்டு. மோகன் பகான் 1911-ல் வெறுங்காலோடு ஆடி ராணுவ டீமை ஜெயித்து ஷீல்டை வாங்கிய ஊரில் இருக்கும் நமக்கு ஷூ இல்லாதது ஒரு பெரிய விஷயமாகத் தெரியாது. ஆனால் ஆளைத் தரையோடு தள்ளும் அந்த ஆட்டத்தை வெறுங்காலில் ஆட முடியாது. இன்னொரு கதை, வெளியூர்த் தண்ணீர் வயிற்றைக் கெடுக்கும் என்று சுவானி ஊற்றுத் தண்ணீரை இரண்டு பீப்பாய் நிரப்பி வண்டியில் ஏற்றிக்கொண்டார்கள் என்பது. கோரமண்டலில் கூஜாவோடு ஏறி, ராஜமுந்திரி வரும்வரை லேக் மார்க்கெட் வீட்டுத் தண்ணீரையே குடிப்பேன் என்று அடம் பிடித்த என் மாமியார் ஞாபகம் வந்தது. ஷூ கதையைவிடத் தண்ணீர் கதையை நான் நம்புகிறேன்.

ஒன்பதாம் தேதி வியாழக்கிழமை ஆஸ்டின் நகரில் டெக்ஸஸ் பல்கலைக்கழகத்தோடு ஆட்டம். அதுவரை வந்த ஊர்களிலேயே மிகத் தொலைவானது அது, எதிரியும் பலசாலி. கேப்டன் ஹென்றி ஸைபல்ஸ் தலையில் அடிபட்டு ரத்தம் வழிய, ஒரு பிளாஸ்திரியைப் போட்டுக்கொண்டு தொடர்ந்து ஆடினார். வெளியே போனால் திரும்ப வர முடியாதே! சுவானி 12, டெக்ஸஸ் 0.

அன்று ராத்திரி வண்டி ஏறி மறுநாள் ஹூஸ்டன். சுமார் 265 கிலோமீட்டர். டெக்ஸஸ் ஏ அண்ட் எம் கல்லூரியோடு வெள்ளிக்கிழமை ஆட்டம், 10-0.

அடுத்த ராத்திரிதான் என் கணக்கில் மிகக் கடினமானது. ஹூஸ்டனிலிருந்து நியூ ஆர்லீன்ஸ் 550 கிலோமீட்டருக்கு மேல். வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆட்டம் முடிந்து கிளம்பினால் சனிக்கிழமை பிற்பகல் மைதானத்தில் இறங்கியாக வேண்டும். அந்தக் காலத்து நீராவி எஞ்சின், வழியில் தண்ணீர் பிடிக்க நிற்பது, இதெல்லாம் போதாதென்று நியூ ஆர்லீன்ஸ் வாசலில் மிசிசிப்பி ஆறு. அங்கே ரயில் பாலம் வந்தது 1935-ல். அதுவரை ரயில் பெட்டிகளைப் படகில் ஏற்றித்தான் அக்கரை சேர்ப்பார்கள். ஃபராக்கா வருவதற்கு முன் வடக்கு வங்காளம் போனவர்கள் நம்மில் சில பெரியவர்கள் இருக்கிறார்கள்; நடுராத்திரியில் படுக்கையைச் சுருட்டிக்கொண்டு மணிஹாரி காட் ஸ்டீமருக்கு மணலில் ஓடிய கதை சொல்வார்கள். சுவானிப் பையன்களுக்கு அந்த ஓட்டம் மட்டும் மிச்சம். அவர்களுக்கென்று ஒரு புல்மன் தூங்கும் பெட்டி இருந்தது. பெட்டியோடு ஆற்றைக் கடந்தார்கள். ஆனால் இரண்டு நாளாக அடிபட்ட உடம்பு, கட்டையில் படுத்தாலும் புல்மனில் படுத்தாலும் ஷண்டிங் இடியில் விழித்துக்கொள்ளும். கண்ட்ரோல் ஆபீஸ்காரன் சொல்கிறேன், நம்பலாம்.

சனிக்கிழமை டுலேன் பல்கலைக்கழகம், 23-0. ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் இல்லை. திருச்சபைக் கல்லூரி அல்லவா. திங்கட்கிழமை பாட்டன் ரூஜ் நகரில் லூசியானா மாநிலப் பல்கலைக்கழகம், 34-0. அன்றிரவு மறுபடி நீண்ட ரயில், வடக்கே மெம்ஃபிஸ். செவ்வாய்க்கிழமை 14-ஆம் தேதி மிசிசிப்பி பல்கலைக்கழகம், 12-0.

ஐந்து ஆட்டத்தின் புள்ளிகளைக் கூட்டினால் 91-க்குப் பூஜ்யம்.

ஊருக்குத் திரும்பி ஆறாவது நாள் கம்பர்லாண்டை 71-0 என்று ஜெயித்தார்கள். நவம்பர் 30-ல் மான்ட்கோமரி நகரில் ஆபர்னோடு நடந்ததுதான் அந்தப் பருவத்தில் நூலிழையில் தப்பிய ஆட்டம். 11-10. பருவம் முழுவதிலும் சுவானிக்கு எதிராக விழுந்த புள்ளிகள் அந்தப் பத்து மட்டுமே. ஆபர்னின் கோச் ஜான் ஹைஸ்மன். இன்று சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்குத் தரும் ஹைஸ்மன் கோப்பை இவர் பெயரில் இருப்பதுதான். நடுவரின் தீர்ப்பு சரியில்லை என்று அவர் பத்திரிகையில் எழுதினார். எழுதட்டும், ஒரு புள்ளியில் தோற்றவருக்கு அந்த உரிமைகூட இல்லையா? இரண்டே நாள் கழித்து அட்லாண்டாவில் வடக்கு கரோலினாவை 5-0 என்று ஜெயித்ததோடு பருவம் முடிந்தது. அக்டோபர் 21-ல் தொடங்கி டிசம்பர் 2 வரை, ஆறு வாரத்தில் பன்னிரண்டு ஆட்டம்.

இதற்கு என்ன விலை கொடுத்தார்கள் என்று யாரும் அன்று கணக்கெழுதி வைக்கவில்லை. ஆனால் ஒரு பெயரைச் சொல்லாமல் போக எனக்கு மனம் வரவில்லை. ஆர்மண்ட் சிம்கின்ஸ். அந்த டீமின் முரட்டுத் தூண். எதிரிக் கூட்டத்தின் நடுவே தலையைக் கொடுத்து வழி பிளப்பவர் அவர்தான். பிற்காலத்தில் அவருடைய இரண்டு கால்களையும் வெட்டி எடுக்க நேர்ந்தது. ஆட்டக் காலத்தில் பட்ட அடிகளே காரணம் என்று அந்தக் கல்லூரிக்காரர்களே சொல்கிறார்கள். அவர் ஒருவர் மட்டுமல்ல. அந்த நாட்களில் ஃபுட்பால் மைதானத்தில் பையன்கள் செத்தும் போனார்கள். 1905-ல் ஜனாதிபதி தியோடர் ரூஸ்வெல்ட் பெரிய கல்லூரிகளின் ஆட்களை வெள்ளை மாளிகைக்குக் கூப்பிட்டு எச்சரிக்கும் அளவுக்கு விஷயம் முற்றியது. அதன் விளைவாகத்தான் விதிகள் மாறின, பாஸ் வந்தது, கல்லூரி விளையாட்டுகளைக் கட்டுப்படுத்தும் தேசிய அமைப்பும் 1906-ல் உருவானது.

நண்பரின் கேள்விக்கு இப்போது வருகிறேன். அமெரிக்கக் கல்லூரிகளில் ஆட்டக்காரனுக்கு ஏன் பணம்?

ஆரம்பத்திலிருந்தே அங்கே கல்லூரி ஃபுட்பாலை ஜனங்கள் டிக்கெட் வாங்கிப் பார்த்தார்கள். 1899-லேயே வசூல் பங்குக்காகப் பல்கலைக்கழகங்கள் சண்டை போட்டுக்கொண்டதைப் பார்த்தோம். பிறகு வானொலி வந்தது, தொலைக்காட்சி வந்தது. மாநிலப் பல்கலைக்கழகங்கள் வளர்ந்து மைதானங்களைப் பெரிதாக்கின. ஜெயித்தால்தான் கூட்டம் வரும். நல்ல ஆட்டக்காரன் வந்தால்தான் ஜெயிக்க முடியும். அவன் வர வேண்டுமானால் ஃபீஸைத் தள்ளுபடி செய். உபகாரச் சம்பளம் பிறந்தது இப்படித்தான். ஆள் மாற்றும் விதியும் பின்னால் தளர்ந்தது. தாக்க ஒரு பதினொருவர், தடுக்க ஒரு பதினொருவர், உதைக்க ஒருவர் என்று ஆனபோது பெஞ்சில் எத்தனை பேர் என்பதே ஜெயிப்பைத் தீர்மானிக்க ஆரம்பித்தது. 2021 முதல் ஆட்டக்காரன் தன் பெயரையும் படத்தையும் விளம்பரத்துக்குக் கொடுத்துச் சம்பாதிக்கலாம். 2025-ல் நீதிமன்றம் ஏற்ற ஒரு சமரசப்படி கல்லூரியே தன் வருமானத்திலிருந்து ஆட்டக்காரர்களுக்குப் பங்கு கொடுக்கலாம். முதல் வருஷத்துக்கு ஒரு கல்லூரிக்கு உச்சவரம்பு சுமார் 2 கோடி டாலர். இதெல்லாம் உச்சாணியில் இருக்கும் கல்லூரிகளுக்கு. நண்பரின் காதில் விழுந்தது இந்தக் கல்லூரிகளின் சங்கதி.

இந்தப் பந்தயத்தில் சுவானி என்ன ஆனது? 1932 டிசம்பரில் தென்கிழக்கு மாநாடு என்று பதின்மூன்று கல்லூரிகள் சேர்ந்து ஒரு கூட்டமைப்பை ஆரம்பித்தன. இன்று அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில் பணமும் பலமும் மிகுந்த கூட்டமைப்புகளில் அது ஒன்று. அதை நிறுவியவர்களில் சுவானியும் உண்டு. 1933 முதல் 1940 வரை எட்டுப் பருவங்களில் அந்தக் கூட்டமைப்புக்குள் 37 ஆட்டம் ஆடியது. 37-லும் தோல்வி. ஒன்றில்கூட ஜெயிக்கவில்லை, சமனும் செய்யவில்லை. முப்பது நாற்பது வருஷத்துக்கு முன் தன்னிடம் 46-0 என்றும் 34-0 என்றும் உதை வாங்கியவர்கள் இப்போது வட்டியும் முதலுமாகத் திருப்பிக் கொடுத்தார்கள்.

கல்லூரிக்கு முன் இரண்டே வழி. காசைக் கொட்டி ஆட்களைப் பிடிப்பது, அல்லது விலகுவது. அப்போது கல்லூரியின் துணைவேந்தராக இருந்தவர் அலெக்ஸாண்டர் கெரி. அவர் விலகும் வழியைத் தேர்ந்தெடுத்தார். 1940-ல் சுவானி கூட்டமைப்பை விட்டு வெளியேறியது. விளையாட்டுக்கென்று கொடுத்துவந்த உபகாரச் சம்பளத்தையும் நிறுத்தியது. ஆட்டத்தை மட்டும் நிறுத்தவில்லை. இன்று அந்தக் கல்லூரி மூன்றாம் பிரிவில் ஆடுகிறது. அந்தப் பிரிவில் விளையாட்டுக்காக ஒரு டாலர்கூட உபகாரச் சம்பளம் கொடுக்கக் கூடாது என்பது விதி. ஆடுகிறவன் மற்றவர்களைப் போலவே ஃபீஸ் கட்டி, பரீட்சை எழுதி, சாயங்காலம் மைதானத்துக்கு வருகிறான்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. 1899-ல் அந்த ஆறு நாளில் சுவானி ஜெயித்த ஐந்து கல்லூரிகளில் டெக்ஸஸ், டெக்ஸஸ் ஏ அண்ட் எம், லூசியானா, மிசிசிப்பி நான்கும் இன்று அதே தென்கிழக்குக் கூட்டமைப்பில்தான் இருக்கின்றன. கடைசியாக 2024-ல் வந்து சேர்ந்தது டெக்ஸஸ். டுலேனும் நிறுவனர்களில் ஒன்று, 1966-ல் விலகியது. மற்றவை இன்று ஆடும் அரங்கங்களில் சில லட்சம் பேருக்கு மேல் கொள்ளும். சுவானியில் மொத்த மாணவர்களே 1,700 பேர் அளவில்தான்.

நான் போனது ஒரு அக்டோபர் மாதம். பேரன் நாஷ்வில்லிலிருந்து காரில் கூட்டிக்கொண்டு போனான். மரங்கள் மஞ்சளும் சிவப்புமாக நின்றன. மைதானத்தில் பயிற்சி நடந்துகொண்டிருந்தது. பக்கத்தில் மரப் படிகளில் உட்கார்ந்து ஒரு பையன் காலில் ஐஸ் பையைக் கட்டிக்கொண்டு, மடியில் தடிப் புத்தகத்தை விரித்து வைத்துப் படித்துக்கொண்டிருந்தான். என்ன புத்தகம் என்று பேரன் கேட்டதற்கு ஆர்கானிக் கெமிஸ்ட்ரி, திங்கட்கிழமை பரீட்சை என்றான். மருத்துவக் கல்லூரிக்குப் போக வேண்டுமாம். "அப்ப ஏன்டாப்பா ஃபுட்பால்?" என்று நான் தமிழில் கேட்டேன். பேரன் அதை மொழிபெயர்த்துச் சொன்னான். அந்தப் பையன் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு, "பிடிக்கும்" என்று ஒரே வார்த்தையில் சொன்னான். பிறகு புத்தகத்துக்குப் போய்விட்டான்.

சங்க அன்பரின் மகனை நான் அதற்குப் பிறகு பார்த்தேன். மாலை பயிற்சிக்கும் ட்யூட்டோரியலுக்கும் நடுவே அவனுடைய ஒரு நாளை ஒரு தாளில் டைம்டேபிள் மாதிரி எழுதிக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறேன். எங்கே கிராஸிங், எங்கே லேட் என்று பார்த்துச் சொல்லலாம். அப்பாவும் கூட வந்து உட்காருவதாகச் சொல்லியிருக்கிறார்.

சுவானியிலிருந்து கிளம்பும் முன் 'மலை ஆடு' ஓடிய பாதையைப் பார்க்க வேண்டும் என்றேன். அந்த ரயில் 1985-ல் நின்றுபோனது. தண்டவாளத்தை எடுத்துவிட்டு நடைபாதை போட்டிருக்கிறார்கள். ஜனங்கள் நாயைப் பிடித்துக்கொண்டு நடக்கிறார்கள். பாதையோரம் குனிந்து கிளறிப் பார்த்தேன். சருகுக்கு அடியில் பழைய ஜல்லி கொஞ்சம் மிச்சம் இருந்தது. "தாத்தா, எல்லோரும் பார்க்கறாங்க, எழுந்திருங்க" என்றான் பேரன்.